கரடியின் வயிற்றில் இருந்த இரண்டெழுத்து

உங்கள் வீட்டுக் கண்ணாடி அலமாரியில் நிற்கிற அந்தக் கல் யானையைச் செய்தது யார்? வாங்கிய கடை தெரியும், கொடுத்த விலை தெரியும். செய்தவர் பெயர்? தெரியாதென்றால் கொஞ்சம் வெட்கப்படுங்கள், தப்பில்லை. சிட்னியின் வென்ட்வேர்த்வில்லில் இருக்கும் சபூராவுக்கும் போன மார்ச் மாதம் வரை அப்படியொரு கேள்வி தோன்றியதில்லை. இத்தனைக்கும் முப்பது வருடம் கல்லோடு வாழ்ந்தவர் அவர்.

சபூரா இலங்கையின் பேருவளைக்காரி. இரத்தினக்கல் வாங்கி விற்கும் ஆண்கள் நிறைந்த அந்த ஊரில், பதினெட்டு வயதிலேயே சாணைக்கு முன்னால் உட்கார்ந்துவிட்டவர். அவர் பட்டை தீட்டிய நீலக்கற்கள் எத்தனையோ நாட்டு விரல்களில் மின்னுகின்றன. மோதிரத்தில் நகைக்கடையின் முத்திரை இருக்கும், பெட்டியில் கம்பெனியின் பெயர் இருக்கும். வெறும் கூழாங்கல்லாக வந்ததை மின்ன வைத்த கையின் பெயர் மட்டும் எங்கும் இருக்காது. உலகம் இப்படித்தான் கூச்சமே இல்லாமல் நடந்துகொண்டிருக்கிறது.

இப்போது வென்ட்வேர்த்வில் ரயில் நிலையத்திலிருந்து ஐந்து நிமிட நடையில், வீட்டு கராஜில் சாணை சுற்றுகிறது. கதவில் ஒரு தாள்: ‘கீறல் எடுக்கப்படும், உடைந்தது ஒட்டப்படும்.’ கணவர் நூர்தீன் பஸ் ஓட்டுகிறார். ஓய்வு நாளில் தேத்தண்ணீர் கொண்டுவந்து கொடுத்துவிட்டு, பக்கத்தில் கதிரை போட்டு விமர்சனம் செய்வார்.

அப்படியொரு ஓய்வு நாளில்தான் சிட்னியின் இன்னொரு புறநகரான கெல்லிவில்லிலிருந்து ஹரிப்பிரியா வந்தாள். மென்பொருள் வேலை, அமெரிக்காவில் மூன்று வருடம் இருந்துவிட்டு சிட்னிக்கு மாறியவள். கைக்குட்டையைப் பிரித்து, உள்ளங்கை அளவில், பச்சை நிறக் கல்லில் செதுக்கிய ஒரு கரடியை எடுத்து வைத்தாள். ஒரு காது தனியாக ஒரு காகிதப் பொட்டலத்தில் இருந்தது.

“வீடு மாத்தும்போது உடைஞ்சிடுச்சு ஆன்ட்டி. இது ஸூனி கரடி.”

நூர்தீன் நிமிர்ந்தார். “என்னது, சூனியமா? வெளிய வெச்சே ஒட்டுங்க சபூரா.”

“சூனியம் இல்ல அங்கிள், ஸூனி. அமெரிக்காவுல நியூ மெக்சிகோங்கிற மாநிலத்துல இருக்கிற பூர்வகுடி மக்கள். அவங்க ஊர்ல நிறைய வீட்ல இந்த வேலைதான். கரடி, ஓநாய், கழுகு, மலைச்சிங்கம், எல்லாம் கல்லுல செதுக்குவாங்க.”

“அப்ப பூசை கீசை?”

“சடங்குக்கு உள்ளத அவங்க விக்கிறதில்ல. இது விக்கிறதுக்குன்னே செஞ்சது. செஞ்சவங்க வீட்டு சமையல் மேசையில உக்காந்து, அவங்க கையாலயே வாங்கினேன்.”

சபூரா இதையெல்லாம் பாதிதான் கேட்டார். அவர் கண் கரடியின் மேல் இருந்தது. தலையை ஒரு பக்கம் திருப்பி, யாரோ கூப்பிட்டதுபோல் நின்றது. முதுகில் சின்ன அம்புமுனை ஒன்றை நரம்பால் கட்டியிருந்தார்கள். “கெட்டிக்காரக் கை” என்றார், அவ்வளவுதான்.

அன்று மாலையே காது ஒட்டியாகிவிட்டது, ஒட்டிய கோடு தெரியவில்லை. சுற்றிப் பார்க்கக் கரடியைக் கவிழ்த்தபோது, வயிற்றில் கீறல். இரத்தினக்கல்லில் கீறல் என்றால் குறை. குறையோடு கல்லைத் திருப்பிக் கொடுப்பது சபூராவின் பழக்கமில்லை. ‘பாவம், அந்தப் பிள்ளை கவனிக்கல்ல போல’ என்று நினைத்து, கேட்காத உபகாரமாகச் சாணையில் வைத்தார். நீலக்கல்லில் அரை நாள் பிடிக்கும் வேலை. இது மெத்தென்ற கல், இரண்டு மூச்சில் முடிந்துவிட்டது. வயிறு கண்ணாடியாக மின்னியது.

சனிக்கிழமை ஹரிப்பிரியா காதைப் பார்த்துச் சிரித்தாள். பிறகு கரடியைக் கவிழ்த்தாள். சிரிப்பு நின்றது.

“எழுத்து எங்க ஆன்ட்டி?”

“எந்த எழுத்து?”

“எல், டி. செஞ்சவங்க கையெழுத்து. வயித்துல கீறியிருந்துதே.”

சபூரா கரடியை வாங்கி மறுபடி கவிழ்த்துப் பார்த்தார். முப்பது வருடத்தில் அவர் கையால் யாருடைய கல்லும் கெட்டதில்லை. இப்போது கெட்டது கல்கூட இல்லை, ஒருத்தியின் பெயர்.

“எனக்குக் கீறலாத்தான் தெரிஞ்சிச்சி மகள்” என்றார்.

ஹரிப்பிரியா நல்ல பிள்ளை. உடனே போனில் பழைய படத்தைக் காட்டினாள். “விடுங்க ஆன்ட்டி. கையெழுத்து இல்லாட்டி டூப்ளிகேட்டுன்னு சொல்லுவாங்க, அதான். எங்கெங்கயோ தொழிற்சாலையில பிசின அச்சுல ஊத்திச் செஞ்சு ஸூனின்னு பேர் வெச்சு விக்கிறாங்கல்ல? இந்தப் படத்தப் பாத்து நீங்களே கீறிடுங்க. உங்க கைக்கு ஒரு நிமிஷம்.”

“அதானே” என்றார் நூர்தீன். “ஆருக்குத் தெரியப்போகுது?”

சபூரா ஊசியை எடுத்தார். அந்த வளைவு, அந்தச் சரிவு எல்லாம் அவர் கைக்கு வரும், அசலைவிட அசலாகவே வரும். ஊசியைக் கீழே வைத்தார்.

“எனக்குத் தெரியுமே. தெரியாம அழிச்சது பிழை. தெரிஞ்சு எழுதினா களவு. அவட நம்பர் ஈக்கிதா?”

நம்பர் இருந்தது. மறுநாள் மொழிபெயர்க்க ஹரிப்பிரியாவும் வந்து உட்கார்ந்தாள்; சிட்னியில் காலை, நியூ மெக்சிகோவில் முந்தைய நாள் பிற்பகல். திரையில் ஒரு பெண், மூக்குக்கண்ணாடி முழுக்கக் கல்தூசி. பெயர் லோரெய்ன். சபூரா வணக்கத்துக்குக்கூட நிற்கவில்லை. தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில், நான்தான் அழித்தேன், மன்னித்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டார்.

லோரெய்ன் கரடியின் வயிற்றைக் காட்டச் சொன்னார். மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். பிறகு கேட்டது ஒரே கேள்வி: “எந்தப் பொடி போட்டு மெருகேற்றினீர்கள்? எனக்கு இவ்வளவு பளபளப்பு வந்ததேயில்லை.”

அதன்பிறகு ஹரிப்பிரியாவுக்கு மொழிபெயர்ப்பு வேலையே இல்லை. இரண்டு பெண்களும் விரலில் இருந்த தழும்புகளை மாறி மாறிக் கேமராவில் காட்டினார்கள். தூசிக்கு எந்த முகமூடி நல்லது என்று வாதாடினார்கள். நடுவில் லோரெய்ன் சொன்னார்: “என் பெயரையும் எங்கள் மக்களின் பெயரையும் அழித்தவர்கள், திருடியவர்கள் நிறையப் பேர். ஒருவரும் கூப்பிட்டுச் சொன்னதில்லை. கரடியை அனுப்புங்கள்.”

கரடி போயிற்று. ஏழு வாரம் நூர்தீன் தினமும், “கரடிக்கு விசா கெடச்சிட்டா?” என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

திரும்பி வந்தபோது வயிற்றில் புதிதாக இரண்டெழுத்து. கூடவே ஒரு அட்டை: செதுக்கியது லோரெய்ன், ஸூனி. காதும் மெருகும் சபூரா, சிட்னி.

சபூரா அட்டையை மூன்று தரம் வாசித்தார். “ஸ்பெல்லிங் சரி” என்றார் நூர்தீனிடம். நூர்தீன் அன்றைக்கு விமர்சனம் செய்யவில்லை.

இப்போது கராஜ் கதவில் புதுத் தாள். மேலே கொட்டை எழுத்தில் ‘சபூரா’. கீழே: ‘கீறலா, பெயரா என்று கேட்டுத்தான் எடுக்கப்படும்.’

சிட்னி நினைவுப்பொருள் கடைகளில், இந்த மண்ணின் பூர்வகுடிகள் தொட்டே பார்க்காத பூமராங்குகள் அடுக்கடுக்காக நிற்கின்றன. அடுத்த முறை போகும்போது ஒன்றை எடுத்துக் கவிழ்த்துப் பாருங்கள். பெயர் இல்லையென்றால் கடைக்காரரிடம், மற்றவர்கள் காதிலும் விழும்படி, “இதைச் செய்தது யார்?” என்று கேளுங்கள். பதில் வராவிட்டால் இருந்த இடத்தில் வைத்துவிட்டு வெளியே வாருங்கள்.