ஹாப்வுட் துரையின் காது

சிசிலித் தீவில், பலெர்மோ நகரத்துக்குப் பக்கத்து ஊரான பகேரியாவில், பாதி இடிந்த பழைய மாளிகை ஒன்றின் கீழ்த்தளத்தில் வசித்த ஹாப்வுட் துரைக்குத் தொண்ணூறு வயது. கண் மங்கிவிட்டது, கால் இரண்டும் விழுந்துவிட்டன, வாயில் சொந்தப் பல் ஒன்றுகூட இல்லை. காது மட்டும் மிச்சம் இருந்தது. பலெர்மோ நிலையத்தில் ரயில் மூச்சு விடும்போதே துரை இங்கே தலையைத் திருப்பிவிடுவார் என்று ஊரில் பேச்சு. அதில் பாதியைத் தள்ளிவிட்டாலும் மீதியே பயங்கரம்தான்.

அவரைக் குளிப்பாட்டி, உடுப்பு மாற்றி, சூப் பருக்குவது புனிதமலரின் வேலை. யாழ்ப்பாணத்துக்காரி, அங்கே சேர்ந்து எட்டு வருடம். பலெர்மோவில் வீட்டு வேலை செய்யும் தமிழ்ப் பெண்கள் எல்லோரும் செய்வதையே அவளும் செய்தாள். காதில் போனைச் செருகிக்கொண்டு, முதலாளியின் முகத்துக்கு முன்னாலேயே நாள் முழுக்கத் தமிழில் கதைத்தாள். இத்தாலியனில் சொன்னால் வேலை போய்விடும். தமிழில் சொன்னால் சுவருக்குச் சொன்ன மாதிரி. "கிழடு இண்டைக்கும் சாகேல்லையடி" என்று துரையின் மார்பில் பவுடர் பூசிக்கொண்டே தன் சிநேகிதி றோஸ்மேரிக்குச் சொல்வாள். துரை குழந்தையைப் போலச் சிரித்து, "கிராட்சியே" என்று இத்தாலியனில் நன்றி சொல்வார்.

அவர் இளம் வயதில் மலாயாவில் ரப்பர் தோட்டங்களுக்குத் தொழில் அதிகாரியாக இருந்தவர். கூலிகளின் முறைப்பாடுகளைக் கேட்பதற்காக அரசாங்கமே அவரை மெட்ராஸில் ஒரு வருடம் உட்கார்த்தி, முன்ஷி வைத்துத் தமிழ் படிப்பித்திருந்தது. பிறகு காட்டுக்குள் கம்யூனிஸ்டுகளோடு சண்டை மூண்டது. முறைப்பாடு கேட்கத் தெரிந்தவனுக்கு மற்றதும் கேட்கத் தெரியும் என்று மேலிடத்தில் யாருக்கோ பட்டிருக்கிறது. அதே மேசை, அதே கதிரை. கேள்விகள் மட்டும் மாறின. அதற்குப் பிறகு சைப்ரஸ், ஏடன், லண்டனில் பெயர்ப்பலகை இல்லாத ஒரு கந்தோர் என்று வாழ்க்கை முழுக்க ஒற்றுக் கேட்டே பென்சன் எடுத்தார். இதில் ஒரு எழுத்தும் புனிதமலருக்குத் தெரியாது.

2012 இலையுதிர் காலத்தில், கடுதாசி இல்லாமல் இருப்பவர்களுக்கு இத்தாலி அரசாங்கம் ஒரு மாதம் மட்டும் கதவைத் திறந்தது. வேலை கொடுப்பவர் ஒருவர் கையெழுத்து வைத்தால் தங்கும் அனுமதி, பெர்மெஸ்ஸோ, கிடைக்கும். புனிதமலரின் அக்கா மகள் ஆரணி மூன்று வருடமாகப் பலெர்மோவின் அல்பெர்கேரியாப் பகுதியில் ஓர் அறைக்குள் பதுங்கிக் கிடந்தாள். கடைசித் தேதிக்கு ஐந்து நாள் இருக்கும்போது புனிதமலர் மதியச் சூப்போடு படிவத்தையும் எடுத்துக்கொண்டு, மனப்பாடம் பண்ணிய இத்தாலியனோடு துரைக்கு முன்னால் வந்து நின்றாள்.

"உக்காரு, புனிதமலர்" என்றார் துரை, தமிழில்.

கையிலிருந்த சூப் கோப்பை விழுந்து உடைந்தது என்று எழுதினால் நன்றாக இருக்கும். விழவில்லை. அவள் அதைப் பத்திரமாக மேசையில் வைத்துவிட்டு உட்கார்ந்தாள். எட்டு வருடமாகச் சொன்னதெல்லாம் ஒவ்வொன்றாக ஞாபகத்துக்கு வந்துகொண்டிருந்ததால் விழுத்துவதற்கு நேரம் கிடைக்கவில்லை.

"கிழடு இன்னிக்கும் சாகல. கோவிச்சுக்காத."

"ஐயா, நான் விளையாட்டுக்கு..."

"நல்லாத்தான் பேசுற. ரேடியோவே வேணாம். ஆரணிக்குக் கையெழுத்துப் போடுறேன். நீ எனக்கு ஒரு பேர் குடு. கடுதாசி இல்லாத ஒருத்தன். பேரும் வீடும்."

"பொலிசுக்குச் சொல்லுவீங்களோ?"

"தோட்டத்துலயும் எல்லாரும் மொதல்ல இதைத்தான் கேப்பாங்க. அப்புறம் குடுப்பாங்க."

மறுநாள் அவள் கெட்டிக்காரத்தனமாக, "பத்மநாதன், வுச்சீரியாவில இருக்கிறார்" என்றாள்.

"பத்மநாதன் போன வருஷம் செத்துட்டான். எட்டாம் நாள் எட்டுச்செலவுக்கு என்ன பலகாரம் கொண்டுபோறதுன்னு ஒரு மணி நேரம் பேசினியே."

நான்காவது நாள் அவள் ஸ்ரான்லியின் பெயரைச் சொன்னாள். றோஸ்மேரியின் தம்பி, வுச்சீரியாச் சந்தையில் ஒரு சாப்பாட்டுக்கடையில் கோப்பை கழுவுகிறவன். அவனுடைய முதலாளியும் கையெழுத்துக்குச் சம்மதித்து, அடுத்த நாளுக்கு வரச் சொல்லியிருந்தார். வீட்டு இலக்கத்தையும் அவள் சொன்னாள். துரை கொப்பியில் குறித்துக்கொண்டு, படிவத்தில் கையெழுத்து வைத்தார்.

"இப்ப றோஸ்மேரிக்குப் போன் போடு."

"ஏன் ஐயா?"

"படிவத்துல இன்னும் தேதி போடல."

அவள் எண்ணை அழுத்திக் கொடுத்தாள்.

"றோஸ்மேரியா? புனிதமலர் வேலை செய்யிற வீட்டுத் துரை பேசுறேன். ஒன் தம்பி ஸ்ரான்லி பேரையும் வீட்டையும் இவ இப்பத்தான் எங்கிட்டக் குடுத்தா. ஜாக்கிரதையா இருக்கச் சொல்லு."

போனை வைத்துவிட்டு அன்றைய தேதியை எழுதினார்.

"பேர்தான் தந்திட்டனே. பிறகேன் ஐயா இது?"

"கடுதாசி கெடைச்சதும் ஆரணியோட மிலானோ போறதாச் சொன்னே. போன மாசம், செவ்வாக்கெழமை. தோட்டத்துல பேர் குடுத்தவன் யாருன்னு கூலிங்க குடியிருக்கிற லயத்துக்கு நானே சொல்லிடுவேன். அப்புறம் அவனுக்கு என்னை விட்டா ஆளில்ல. எங்கயும் ஓடமாட்டான்."

ஸ்ரான்லி அன்று மாலையே அறையைக் காலி பண்ணிவிட்டான். முதலாளி படிவத்தோடு மறுநாள் முழுக்கக் காத்திருந்துவிட்டு, கடைசித் தேதியும் போனபின் அதைக் கிழித்துப் போட்டார். பொலிசுக்கு ஒரு சொல்லும் போகவில்லை. துரையின் கொப்பி மேசை லாச்சியை விட்டு வெளியே வரவே இல்லை. ஞாயிறு பூசை முடிவதற்குள் பலெர்மோவில் தமிழ் கதைக்கிற அத்தனை பேருக்கும் விசயம் தெரிந்திருந்தது.

ஆரணிக்கு வசந்தத்தில் பெர்மெஸ்ஸோ கிடைத்தது. அதை எடுத்துக்கொண்டு பகேரியாவுக்கு வந்தாள், உட்காரவில்லை.

"சின்னம்மா, தம்பி எங்கையெண்டு றோஸ்மேரி அக்கா என்னைத்தான் கேக்கிறா. நான் என்ன சொல்ல?"

"உன்ரை கையில கடுதாசி இருக்குதுதானே."

"ஓம், இருக்கு" என்றாள் ஆரணி. கடுதாசியைப் பைக்குள் வைத்துக்கொண்டு தனியாக மிலானோவுக்குப் போனாள். போனில் புனிதமலரின் எண்ணையும் அடைத்துவிட்டாள்.

பிறகு அந்த வீட்டில் போன் மணி அடிக்கவில்லை. புனிதமலர் வாய் திறக்காமல் துரையைக் குளிப்பாட்டினாள், பவுடர் பூசினாள். ஒவ்வொரு மதியமும் சூப் கரண்டிக்கு முன்னால் அவர், "பேசு" என்பார். பதினொரு நாள் அவள் பேசவில்லை. பன்னிரண்டாம் நாள், "ஆரணிக்கு மிலானோவில வேலை கிடைச்சிட்டுது" என்றாள். ஆரணியிடமிருந்து ஒரு சொல்லும் வந்திருக்கவில்லை. துரைக்கும் அது தெரியும்.

"எந்த வீட்டுல?" என்று கேட்டார்.

ஒரு கிழவி வீட்டில் என்றாள். கிழவிக்கு இரண்டு பூனை என்றாள். துரை திருப்தியாக வாயைத் திறந்தார்.