அக்காவிடம் வாங்கிய கார் சாவி

இந்த வாரம் இந்தப் பத்தியில் உங்களைச் சிரிக்க வைக்கிற மனநிலையில் நான் இல்லை. போன ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து ஜனங்கள் வெளியே வருகிற நேரம் பார்த்து, கோவை போத்தனூரில் எங்கள் சர்ச் வாசலில் நின்று நாலு பேருக்குக் கேட்கிற மாதிரி ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டி வந்தது. சொல்லி முடித்தபோது சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. வெயில் காரணமில்லை.

என்ன விஷயம்? முதலிலிருந்து வருகிறேன்.

எனக்கு ஒரு அக்கா. பெயர் ஸ்டெல்லா. மிஷன் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்து ரிட்டயர் ஆனவள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. எங்கள் வீட்டு மாடியில் தனிச் சமையல், தனி ராஜ்ஜியம். ஓய்வு பெற்றபோது கிடைத்த பணத்தில் தனக்கென்று அவள் வாங்கிக்கொண்ட ஒரே பெரிய பொருள், ஒரு கார். இடது முழங்கால் மக்கர் என்பதால் கிளட்ச் மிதிக்க முடியாது. அதனால் ஆட்டோமேட்டிக்.

அந்தக் காரில் அவள் ஊர் சுற்றவில்லை. குறிச்சி, ஈச்சனாரி, மலுமிச்சம்பட்டி என்று படுத்த படுக்கையாகக் கிடக்கிறவர்களின் வீடுகளைத் தேடிப் போய் புண்ணுக்குக் கட்டு மாற்றிவிட்டு வருவாள். ஞாயிறு காலையில், நடக்க முடியாத பெண்களை சர்ச்சுக்கு நடை நடையாக ஏற்றி வந்து இறக்குவாள்.

கோடையில் அப்படி ஒரு ஞாயிறு. எல்லோரையும் இறக்கிவிட்டாள், பூசை முடிந்தது, மறுபடி பாதிப் பேரை வீடு சேர்த்தாள். கடைசி நடைக்காக சர்ச் காம்பவுண்டுக்குள் ரிவர்ஸ் எடுத்து, முன்னால் போக டிரைவ் கியரில் போட்டாள். கார் நகரவில்லை. அடுத்த நொடி... ஒரே பாய்ச்சல். மரத்தடியில் இருந்த மெழுகுவர்த்தி ஸ்டாலைத் தள்ளிக்கொண்டு போய்த் தூணில் முட்டி நின்றது. ஸ்டாலில் உட்கார்ந்திருந்த பெண் அப்போதுதான் தண்ணீர் குடிக்க எழுந்து போயிருந்தார். போகாமல் இருந்திருந்தால்?

அக்கா இறங்கினாள். முகம் வெளுத்திருந்தது.

"லேசாத்தாண்டா மிதிச்சேன். ஒண்ணுமே ஆகல. அப்புறம் தானா பாஞ்சிருச்சு."

"வண்டி எப்படிக்கா தானா பாயும்?" — இது நான்.

அதற்குள் கூட்டம் கூடிவிட்டது. ஆளுக்கொரு தீர்ப்பு. "பிரேக்குனு நெனச்சு ஆக்சிலேட்டரை அமுத்திப்போட்டாங்க" என்றார் ஒருவர். "இந்த வயசுல லேடீஸுக்கு எதுக்குங்க டிரைவிங்?" என்றார் இன்னொருவர். யாரோ சிரித்தார்கள். நானும் சிரித்தேன். கூட்டத்தைச் சமாளிக்கத்தான் சிரித்தேன் என்று அப்புறம் எனக்கே சொல்லிக்கொண்டேன்.

அதோடு விட்டேனா? கையை நீட்டினேன்.

"சாவியைக் குடுக்கா. ஓட்டினது போதும்."

அவள் கார். அவள் காசு. நான் அவளைவிட மூன்றே வயது சின்னவன். எந்த உரிமையில் கேட்டேன்? அக்கா என்னைப் பார்த்தாள். சுற்றி நின்றவர்களைப் பார்த்தாள். சாவியை என் உள்ளங்கையில் வைத்தாள்.

கார் பட்டறைக்குப் போனது. நசுங்கிய பம்பரை மாற்றினார்கள், பெயிண்ட் அடித்தார்கள். கியரையும் கொஞ்சம் பாருங்கள் என்று நான் சொல்லவில்லை. எதற்குச் சொல்ல வேண்டும்? கோளாறு எங்கே என்றுதான் எங்களுக்கு ஏற்கெனவே தெரியுமே!

அதற்குப் பிறகு அக்கா பஸ்ஸில் போனாள். டிரெஸ்ஸிங் சாமான் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, முழங்காலைப் பிடித்துக்கொண்டு டவுன் பஸ் படியில் ஏறுவாள். தூரமான வீடுகளை ஒவ்வொன்றாக விட வேண்டி வந்தது. "கால் டாக்ஸி புக் பண்ணித் தர்றேன்க்கா" என்று பெரிய மனசோடு சொன்னேன். "வேண்டாம்டா" என்றாள். காரை? நான் ஓட்டிக்கொண்டிருந்தேன். சும்மா நின்றால் பேட்டரி இறங்கிவிடும் அல்லவா? அப்படித்தான் வீட்டில் சொன்னேன். இடையில் இரண்டொரு தடவை கார் லேசாகக் குலுங்கியது. ரோடு சரியில்லை என்று கார்ப்பரேஷனைத் திட்டினேன்.

ஒரு சாயங்காலம் மொட்டை மாடியில் துணி எடுத்துக்கொண்டே அக்கா சொன்னாள்: "ஒருவேளை நாந்தான் மாத்தி மிதிச்சிட்டனோ என்னவோ."

"விடுக்கா. வயசானா எல்லாருக்கும் வர்றதுதானே" என்றேன். எவ்வளவு பக்குவமாகப் பேசிவிட்டோம் என்று எனக்கு ஒரு திருப்தி வேறு.

போன மாதம் பெருந்துறையில் ஒரு கல்யாணம். என்னோடு வேலை பார்த்தவரின் மகளுக்கு. அக்காவின் காரில்தான் போனேன், தனியாக. பைபாஸில் நல்ல வேகம், நல்ல ஏசி. மண்டபத்துக்குள் திரும்பி, பார்க்கிங்கில் ரிவர்ஸ் எடுத்து, கொஞ்சம் முன்னால் விடலாம் என்று டிரைவில் போட்டேன். லேசாக மிதித்தேன். ஒன்றும் ஆகவில்லை. என்னடா இது என்று நினைப்பதற்குள்...

வாசலில் கட்டியிருந்த வாழை மரம் குலையோடு என் பானெட்டின் மேல் சாய்ந்து கிடந்தது. மணமக்களை வாழ்த்தும் பேனர் கண்ணாடியை மூடியிருந்தது. உள்ளே நாதஸ்வரம் நின்றுபோனது. நல்லவேளை, குறுக்கே யாரும் இல்லை.

பேனரை விலக்கிக்கொண்டு இறங்கினேன். யாரும் எதுவும் கேட்பதற்கு முன்னால் என் வாயிலிருந்து வந்த முதல் வார்த்தை என்ன தெரியுமா?

"வண்டி தானா பாஞ்சிருச்சுங்க!"

பெண்ணின் சித்தப்பா ஓடி வந்து என் தோளைப் பிடித்துக்கொண்டார். "ஏனுங்க, அடிகிடி ஏதும் படலீங்களே? வண்டியில ஏதோ கோளாறாட்ட இருக்குதுங்க. மொதல்ல சர்வீஸுக்கு உட்டுப் பாருங்க." பக்கத்தில் இருந்தவர், "இந்த ஆட்டோமேட்டிக்கே இப்படித்தானுங்க, நம்ப முடியாது" என்றார். ஒருவர் சோடா உடைத்துக் கொடுத்தார். இன்னொருவர் நாற்காலி போட்டார்.

ஒருத்தர்கூட, ஒரே ஒருத்தர்கூட, "பிரேக்குனு நெனச்சு ஆக்சிலேட்டரை மிதிச்சுட்டீங்களா?" என்று கேட்கவில்லை. இந்த வயசில் ஆம்பளைக்கு எதுக்குங்க டிரைவிங் என்று யாரும் சிரிக்கவில்லை. நான் சொன்னேன், நம்பினார்கள். அவ்வளவு சுலபமாக இருந்தது அது.

கையில் சோடாவோடு அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். அக்கா சொன்ன அதே வார்த்தை என்று உறைத்தபோது சோடாவைக் கீழே வைத்துவிட்டேன். பந்திக்குக் கூப்பிட்டார்கள். போகவில்லை.

ரெக்கவரி வண்டியில் கார் கோவை வந்து சேர்ந்தது. ஆட்டோமேட்டிக் கியர் வேலை மட்டும் பார்க்கிற ஒர்க்‌ஷாப் ஒன்று சிங்காநல்லூர் பக்கம் இருக்கிறது. அங்கே பிரபு என்று ஒரு இன்ஜினியர். ஸ்கேனரை மாட்டிப் பார்த்தார், ஓட்டிப் பார்த்தார், இன்ஜின் சூடாகும் வரை காத்திருந்து மறுபடி ஓட்டிப் பார்த்தார்.

"கியர்பாக்ஸ் கன்ட்ரோல் யூனிட் போயிருச்சுங்க. எந்த கியர் எப்ப விழணும்னு சொல்ற கம்ப்யூட்டர் அது. சூடானா உள்ள கனெக்‌ஷன் விட்டு விட்டுப் புடிக்குது. அதான் முதல்ல நிக்குது, அப்புறம் பாயுது. இதுக்கு முன்னால இப்படி ஆகியிருக்குங்களா?"

"இ... இல்லீங்க."

ஏன் அப்படிச் சொன்னேன்? முன்பின் தெரியாத ஓர் இன்ஜினியர் முன்னால்கூட எனக்கு என் மானம்தான் பெரிதாக இருந்திருக்கிறது.

அவர் விடவில்லை. "நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. ஆட்டோமேட்டிக்னாலும் கியர்பாக்ஸ் உள்ளே கிளட்ச் இருக்குங்க, ரொம்ப நாளா இப்படின்னா அதுவும் தேஞ்சிருக்கும். கியர்பாக்ஸைக் கழட்டறதா, யூனிட்டை மட்டும் மாத்தறதான்னு அதை வெச்சுத்தான் முடிவு பண்ணணும்."

வேறு வழியில்லை. அக்காவுக்குப் போன் போட்டேன்.

"அக்கா... அன்னைக்கு சர்ச்சுல என்ன ஆச்சு? முழுசாச் சொல்லு."



"இப்பத்தான் கேக்கறியாடா?"

ஸ்பீக்கரில் போட்டேன். ஆஸ்பத்திரியில் ஷிப்ட் மாறும்போது பேஷண்ட் நிலைமையைச் சொல்கிற நர்ஸ் மாதிரி அக்கா வரிசையாகச் சொன்னாள். காலையிலிருந்து நிறைய நடை. வண்டி சூடாக இருந்தது. ரிவர்ஸிலிருந்து டிரைவ். கால் லேசாக. இன்ஜின் உறுமியது, வண்டி நகரவில்லை. காலை எடுத்துவிட்டாள். எடுத்த பிறகுதான் பாய்ந்தது. அதற்கு முன்னால் அப்படி ஆனதே இல்லை.

"ரொம்பச் சரியாச் சொல்றீங்கம்மா. அதேதானுங்க. அதுக்கு முன்னால இல்லைன்னா யூனிட்டை மட்டும் மாத்தினாப் போதும்" என்றார் பிரபு.

 போனில் அக்கா மூக்கை உறிஞ்சுகிற சத்தம். அழுகிறாளோ என்று பயந்து ஸ்பீக்கரை அணைத்தேன். "பழுது பாக்கறப்ப நானும் வர்றேன்" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

புது யூனிட் வந்து மாட்டிய அன்று அக்காவும் நானும் போயிருந்தோம். மாட்டினால் மட்டும் போதாதாம். புது யூனிட்டுக்கு இது எந்தக் கார் என்றே தெரியாது. இந்தக் காருக்கு உண்டான புரோகிராமை லேப்டாப்பிலிருந்து ஏற்ற வேண்டும். ஏற்றுகிற வரை பேட்டரிக்குத் தனியாக சார்ஜர். பாதியில் கரன்ட் குறைந்தால் புது யூனிட்டும் பாழ். "யாரும் கதவைக்கூடத் தொறக்காதீங்க" என்று எங்களை வெளியே பெஞ்சில் உட்கார வைத்துவிட்டார்கள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் லேப்டாப்பில் ஒரு பச்சைக் கோடு மெல்ல நகர்ந்துகொண்டிருந்தது. அதைப் பார்த்தபடியே அக்கா பேசினாள்.

"தலைக்கு ஸ்கேன் எடுத்துப் பாத்தேன்டா."

"என்னக்கா சொல்றே? எப்ப?"

"சாவி வாங்கினேல்ல, அதுக்கப்புறம். நாம செஞ்சது நமக்கே ஞாபகம் இல்லைன்னா அது மூளையில வர்ற வியாதி. நான் எத்தனை பேரைப் பாத்திருக்கேன்? பயந்துட்டேன். தனியாப் போயி எடுத்துட்டு வந்தேன். ஒண்ணும் இல்லைன்னு சொன்னாங்க. அப்பவும் நம்பிக்கை வரல."

"எங்கிட்ட ஏன்க்கா சொல்லல?"

"சொன்னா, 'பாத்தியா?'ன்னு கேட்டிருப்பே."

கேட்டிருப்பேன். சத்தியமாகக் கேட்டிருப்பேன்.  அந்த ஸ்கேன் மெஷினுக்குள் தன்னந்தனியாகப் படுத்துக்கொண்டு அவள் என்னவெல்லாம் நினைத்திருப்பாள்? அந்த நேரத்தில் நான் அவள் காரில் ஏசி போட்டுக்கொண்டு எங்கே போய்க்கொண்டிருந்தேனோ!

"என்னை மன்னிச்சிடுக்கா" என்றேன்.

"இங்க எதுக்குடா சொல்றே? சாவியை இங்கயா வாங்கினே?"

அவ்வளவுதான். பச்சைக் கோட்டைப் பார்க்கத் திரும்பிக்கொண்டாள்.

பச்சைக் கோடு முடிந்தது. பிரபு வெளியே வந்தார். "புரோகிராம் ஏறிருச்சுங்க. இனி ஓட்டித்தான் பழக்கணும். உள்ளே கிளட்ச் எந்த இடத்துல புடிக்குதுன்னு யூனிட் ஓடி ஓடித்தான் கத்துக்கும். நிதானமாக் கிளம்பி, நிதானமா நிறுத்தணும். வழக்கமா ஓட்டறவங்களே ஓட்டினா நல்லது. யாருங்க ஓட்டறது?"

"அக்கா" என்றேன்.

அவள் எழுந்திருக்கவில்லை. "கை நடுங்குதுடா. நீயே ஓட்டு" என்றாள். ஊசி போட்டே வாழ்ந்த கை அது. என் கண் முன்னால் நடுங்கியது. இங்கே ஒரு தத்துவம் எழுத இடமிருக்கிறது. எழுதப் போவதில்லை. அந்தக் கையை நடுங்க வைத்தவன் அதை வைத்துத் தத்துவம் வேறு எழுத வேண்டுமா?

பிரபுதான், "நான் பக்கத்துல உக்காந்துக்கறேன், வாங்கம்மா" என்று சொல்லி அழைத்துப் போனார். நான் பின் சீட். கார் கிளம்பியது. முதல் கியர் மாறும்போது 'டக்'கென்று ஒரு குலுக்கல். அக்கா பதறி பிரேக்கை மிதித்துவிட்டாள். பின்னால் வந்தவன் ஹாரன் அடித்தான்.

"நான் என்ன பண்ணினேன்? நான் தப்பா எதுவும் மிதிக்கலையே?" என்று கேட்டாள். குரல் உடைந்திருந்தது.

"குலுங்கறது வண்டிங்கம்மா. நீங்க இல்லை" என்றார் அவர்.

சர்ச் வாசலில் நான் சொல்லியிருக்க வேண்டிய வாக்கியம். ஒரு வெளியாள் சொன்னார். அக்கா மூச்சை இழுத்து விட்டாள். மறுபடி கிளம்பினாள். கொஞ்ச தூரம் குலுங்கியது, அப்புறம் குறைந்தது, திருச்சி ரோட்டில் போய்த் திரும்பி வரும்போது கியர் மாறுவதே தெரியவில்லை. கண்ணாடியில் அவள் முகத்தைப் பார்த்தேன். பார்த்ததும் தலையைக் குனிந்துகொண்டேன்.

அந்த வாரக் கடைசியில்தான் நான் முதலில் சொன்ன ஞாயிறு. சர்ச் வாசல். "அன்னைக்கு எங்கக்கா மேல தப்பு இல்லைங்க. வண்டியில கோளாறு. அவங்க சொன்னாங்க, நாந்தான் கேக்கல. எல்லார் முன்னாலயும் சாவியைப் புடுங்கினேன். எல்லார் முன்னாலயும் மன்னிப்புக் கேக்கறேன்." இவ்வளவுதான் பேச்சு. 

அன்றைக்கு லேடீஸ் டிரைவிங் பற்றிச் சொன்னவர் என் கையைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "அட, அதெல்லாம் எங்களுக்கு மறந்தே போச்சுங்க!"

மறந்துதான் போயிருக்கும். நமக்கு மறந்துபோகிற ஒரு வார்த்தையைக் கேட்டுவிட்டு ஒருத்தர் மூளைக்கு ஸ்கேன் எடுக்கப் போகிறார். அக்கா கொஞ்சம் தள்ளி நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். "சரி, வா" என்றாள். மன்னித்துவிட்டாளா? தெரியவில்லை. கேட்கிற தைரியமும் இல்லை.

விட்ட வீடுகளுக்கெல்லாம் இப்போது அவள் மறுபடி போகிறாள். முந்தாநாள் பையைத் தூக்க ஆள் வேண்டும் என்று என்னையும் கூப்பிட்டாள். பக்கத்து சீட்டில் உட்கார்ந்தேன். ஈச்சனாரி தாண்டி ஒரு லாரி சடாரென்று குறுக்கே திரும்பியது. "பிரேக்!" என்று கத்த வாயைத் திறந்தேன்.

அவள் கால் ஏற்கெனவே அங்கேதான் இருந்தது.