தேசிய விளைச்சல்: ஏழு

பரிமளா அக்கா இறந்துபோய்விட்டார் என்ற செய்தி நம் ஆங் மோ கியோ புளோக்கின் தோட்டக் குழு வாட்ஸ்அப்பில் வந்தபோது, நான் லிட்டில் இந்தியாவில் டியூஷன் வகுப்பில் இருந்தேன். மேசைக்கு அடியில் வைத்துப் படித்தேன். சற்று நேரத்தில் இன்னொரு செய்தி வந்தது: "ஞாயிற்றுக்கிழமை அவர் நட்ட லீக்ஸைப் பிடுங்கி எல்லாருக்கும் சூப் வைப்போம். முதல் செடியைக் கவிதா பிடுங்கட்டும்." கவிதா நான்தான். அப்போது பிடித்த பயம் இன்னும் விடவில்லை. ஞாயிறு நாளைக்கு. எல்லாரும் தூங்கிய பிறகு இதைக் குழுவில் உங்களுக்கு எழுதுகிறேன், அம்மாவுக்குக்கூடத் தெரியாது.

அக்காவை உங்களுக்குத் தெரியும். காய்கறி இறக்குமதி நிறுவனத்தில் வேலை. வெளிநாட்டிலிருந்து வரும் வெங்காயம், பூண்டு, லீக்ஸ் பெட்டிகளை நாளெல்லாம் சரிபார்ப்பார். "எல்லாமே கப்பல்ல வருது. நம்ம நாட்டுல ஒண்ணுமே வராதா?" என்று ஒரு நாள் எரிச்சல்பட்டு, நம் தோட்டத்தில் லீக்ஸ் விதைத்தார். வெள்ளைத் தண்டும் தட்டை இலையுமாக, வெங்காய இனத்துக் குளிர்நாட்டுப் பயிர். நம் வெயிலில் அது சாப்ஸ்டிக் அளவுக்கு மேல் பருக்கவே இல்லை.

ஆனாலும் தோட்டத்துப் பலகையில் 'சிங்கப்பூர் லீக்ஸ் உற்பத்தி' என்று எழுதி, ஒவ்வொரு அறுவடைக்கு முன்பும் எண்ணிக்கை போட்டார். "வேற யாரு போடுறா? அப்ப இதுதான் லா தேசிய விளைச்சல்!" முதலில் பதினொன்று. பிறகு எட்டு. பிறகு ஐந்து. பக்கத்துப் பாத்தி லிம் அங்கிள் சிரிப்பார். "பரி, நோ ஹோப் லா. கங்கோங் கீரை போடு." அக்கா விடமாட்டார். "அங்கிள், யூ வெயிட்!"

ஒரு முறை மழையில் இரண்டு செடிகள் செத்துப்போயின. அவற்றையும் சேர்த்து எழுதலாமே என்றேன். "செத்தத எண்ணக் கூடாது, கவி. பொய்க் கணக்கு எழுதினா அடுத்த தடவ எதப் பார்த்து நடுறது?" என்றார். பலகையில் எழுதும் முன் அவரே குனிந்து ஒவ்வொரு செடியையும் தொட்டு எண்ணுவார்.

மருத்துவமனைக்குப் போகும்போது, அப்போது முளைத்திருந்த ஏழு செடிகளை என்னிடம் விட்டுப்போனார். "மழை வந்தா பிளாஸ்டிக் ஷீட்டால மூடு. அவ்ளோதான் உன் வேலை." தேர்வு வாரத்தில் மூன்று நாள் விடாத மழை. நான் கீழே இறங்கிப் போகவில்லை. நான்காம் நாள் ஏழும் அழுகிக் கிடந்தன.

அக்கா படம் கேட்டார். தேக்கா சந்தையில் ஏழு லீக்ஸ் வாங்கிவந்து மண்ணில் செருகிப் படம் எடுத்தேன்; பிடுங்காமல் அப்படியே விட்டேன். மருத்துவமனையில் என் கைப்பேசியை வாங்கி, இரண்டு விரலால் படத்தைப் பெரிதாக்கினார். தண்டு மண்ணைத் தொடும் இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நல்லா பருத்திருக்கே. என்ன போட்ட?"

"ஒண்ணும் போடல அக்கா."

"இந்த வெயில்லயா இப்படி வந்துச்சு?"

நான் கைப்பேசியை வாங்கக் கை நீட்டினேன்.

"சரி. பலகைல எழுதிடு" என்று கைப்பேசியைத் திருப்பித் தந்தார். பிறகு கண்ணை மூடிக்கொண்டார்.

எழுதினேன். முதல் முறையாக எண்ணிக்கை ஏறியது என்று நீங்கள் எல்லாரும் கைதட்டினீர்கள்.

நாளை பிடுங்கினால் வேரில்லாத, அழுகிய சந்தைத் தண்டுதான் கையோடு வரும். அக்காவின் கணவர் எதிரில் நிற்பார். அதனால் இப்போதே சொல்லிவிடுகிறேன்: அங்கே ஏழு இல்லை. ஒன்றுகூட இல்லை. அந்தப் பாத்தியில் லிம் அங்கிள் கங்கோங் போட்டுக்கொள்ளட்டும். இனி யாரும் லீக்ஸ் நடப் போவதில்லை.

அக்கா நம்பினாரா, பொய்யென்று தெரிந்தே என்னை விட்டுவிட்டாரா என்று இனி கேட்க முடியாது. தெரிந்திருந்தால், தொட்டு எண்ணாமல் அவர் எழுதச் சொன்ன ஒரே கணக்கு என்னுடையது. அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியது அதுதான்.