நாலாவது வீல்

கல்யாணத்துக்குப் பத்துப் பொருத்தம் பார்த்தால் போதும். தஞ்சாவூர் பட்டுக்கோட்டை சாலையில் டயர்க் கடை வைத்திருக்கும் இராஜாங்கத்துக்கு அது போதாது. காருக்கு வேறு வீல் போட வேண்டும் என்று வந்து நிற்பவரிடம் அவர் கேட்கும் கேள்விகளைப் பெண் வீட்டார்கூடக் கேட்க மாட்டார்கள். நட்டு எத்தனை, நட்டுக்கும் நட்டுக்கும் இடைவெளி எவ்வளவு, மாட்டினால் வீல் உள்ளே ஒதுங்குமா வெளியே துருத்துமா, வீட்டில் எத்தனை பேர் ஏறுவார்கள், டிக்கியில் நெல் மூட்டை ஏற்றுவீர்களா. எல்லாம் கேட்டு முடித்து, கடைசியில் வெர்னியரை எடுத்து வீலின் நடு ஓட்டையை அளப்பார். ஒரு தடவை அல்ல, மூன்று தடவை.

"ஏங்க, வீல் மாட்டச் சொன்னா ஜாதகம் பாக்குறீங்க?" என்று வண்டிக்காரர்கள் கிண்டல் செய்வார்கள். பொறுமை இழந்து அடுத்த கடைக்குப் போனவர்களும் உண்டு. போனால் போகட்டும் என்று விட்டுவிடுவார். அளக்காமல் மட்டும் எதையும் மாட்ட மாட்டார்.

ஆறு வருஷத்துக்கு முன்னால் ஆள் இப்படி இல்லை. அப்போது அவருக்குக் கண்தான் அளவுகோல். அப்பாவும் அம்மாவும் ஒரத்தநாட்டுப் பக்கம் அடுத்தவர் வயலில் நாற்றுப் பறித்து நடவு நட்டவர்கள். இவர் பதினாறு வயதில் தஞ்சாவூருக்கு வந்து பஞ்சர் ஒட்டக் கற்று, முப்பது வயதில் சொந்தமாகக் கடை போட்டவர். ரோட்டில் போகிற வண்டியைப் பார்த்தே வீல் அளவைச் சொல்லுவார். சொன்னது சரியாகவும் இருக்கும். "பாத்தாலே தெரியுதுல்ல" என்பது அவர் வாயில் சதா புரண்டுகொண்டிருந்த வார்த்தை. கை சுத்தமான வேலைக்காரனுக்கு வரும் தலைக்கனம்தான் அது. ஒரு நாள் வரும்வரை அதை யாரும் குற்றம் என்று சொல்லப்போவதில்லை.

அந்த நாள் ஆயுத பூஜை. ஸ்பானர், சுத்தியல், வெர்னியர், நட்டைச் சரியான அழுத்தத்துக்கு முறுக்கும் டார்க் ரெஞ்ச் எல்லாவற்றையும் கழுவித் துடைத்துச் சந்தனம் குங்குமம் வைத்து, சரஸ்வதி படத்துக்கு முன்னால் வாழையிலையில் பரப்பியாயிற்று. சாமி முன்னால் வைத்த ஆயுதத்தை மறுநாள் பூஜை பிரிக்கும்வரை தொடக்கூடாது. எல்லாப் பட்டறையிலும் அதுதான் வழக்கம். வேலையாட்கள் பொரியை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டார்கள்.

சாயங்காலம் நாலு மணிக்கு ஒரு வெள்ளைக் கார் வந்து நின்றது. ஒரத்தநாடு தாண்டி நிலபுலத்தோடு இருக்கும் தியாகேசனும் அவர் மனைவி சாவித்திரியும் இறங்கினார்கள். டிக்கியில் பளபளவென்று நாலு அலாய் வீல், டயர் ஏற்றித் தயாராக. சிங்கப்பூரிலிருந்து வந்த தம்பி சென்னையில் வாங்கித் தந்ததாம். அன்றைக்கு வண்டிக்குப் போடும் பூஜையைப் புது வீலோடு போட வேண்டும் என்று அந்த அம்மாவுக்கு ஆசை.

"எல்லாத்தையும் பூஜையில வெச்சுட்டீங்களே. நாளைக்கு வரட்டுமா?" என்று தியாகேசன் கேட்கத்தான் செய்தார்.

"எதுக்குங்க? நாலு ஓட்டையும் அப்படியே பொருந்துது. பாத்தாலே தெரியுதுல்ல" என்றார் இராஜாங்கம்.

வண்டியிலேயே இருந்த ஜாக்கியையும் வீல் ஸ்பானரையும் எடுத்து அரை மணியில் மாட்டிவிட்டார். நட்டு ஓட்டைகள் பொருந்தின, உண்மைதான். நடு ஓட்டையை அவர் அளக்கவில்லை. வெர்னியர் சாமியிடம் இருந்தது. சாவித்திரி நாலு வீலுக்கும் பொட்டு வைத்து, எலுமிச்சம்பழத்தை அடியில் வைத்து, வண்டி நசுக்கிக்கொண்டு நகர்ந்ததும் ஏறுவதற்கு முன்னால் திரும்பிக் கேட்டார்: "வேற ஏதும் கவனிக்கணுமா தம்பி?"

இராஜாங்கம் என்ன பதில் சொன்னார்? நாளைக்குக் காலையில் கொண்டாங்க, ரெஞ்சு வெச்சு இன்னொரு தடவை முறுக்கிடறேன் என்றாரா? இல்லை, ஒண்ணும் இல்லீங்க, போயிட்டு வாங்க என்றாரா? அந்த அம்மாவின் முகம், கையில் இருந்த குங்குமச் சிமிழ், பழம் நசுங்கிய வாசம் எல்லாம் அப்படியே நினைவில் இருக்கின்றன. தன் வாயிலிருந்து வந்த வார்த்தை மட்டும் இல்லை.

மூன்றாம் நாள், பட்டுக்கோட்டையில் ஒரு கல்யாணச் சாப்பாட்டை முடித்துக்கொண்டு திரும்பும்போது கார் புது ஆற்றில் விழுந்தது. கல்லணையிலிருந்து வரும் கால்வாயைத்தான் இந்தப் பக்கத்தில் புது ஆறு என்பார்கள். ஐப்பசித் தண்ணீர் கரை முட்டப் போய்க்கொண்டிருந்தது. தியாகேசனை இழுத்துப் போட்டார்கள். சாவித்திரியை இரண்டு மணி நேரம் கழித்துத்தான் எடுக்க முடிந்தது.

வண்டி தானாக இடப்பக்கம் இழுத்தது, நான் முழித்துக்கொண்டுதான் இருந்தேன் என்று அந்த மனிதர் சொல்லிக்கொண்டே இருந்தார். யார் கேட்டார்கள்? கல்யாணச் சாப்பாடு, மத்தியான வெயில், கண் அசந்துவிட்டது என்று ஊரே தீர்ப்பு எழுதிவிட்டது. முன்பக்க இடது வீலைக் காணோம் என்றதும், ஆற்றோரத்து மைல்கல்லில் இடித்ததில் பிய்ந்துபோயிருக்கும் என்று அதற்கும் காரணம் சொல்லிவிட்டார்கள். திருச்சிக் கல்லூரி விடுதியிலிருந்து ஓடி வந்த ஒரே மகளும் அப்படியே நம்பினாள்.

இராஜாங்கம் சாவு வீட்டுத் தெருமுனைவரை போனார். பறைச் சத்தம் கேட்டதும் திரும்பிவிட்டார். அந்த மனுஷர் தூங்கித்தான் இருக்க வேண்டும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். சொன்னால் போதுமா? மாசியில் மேட்டூர் அணையை அடைத்துப் புது ஆறு வற்றியதும், அந்த இடத்திலிருந்து கால்வாய்க்குள் இறங்கி நடந்தார். வீல் கிடைத்தால் பார்த்துவிடலாம். அது மோதிப் பிய்ந்ததாக இருந்துவிட்டால் தன் மேல் பழி இல்லை. கரையில் மாடு மேய்ப்பவர்கள் இவர் விரால் மீன் தேடுகிறார் என்று நினைத்தார்கள். முதல் வருஷம் கிடைக்கவில்லை. இரண்டாம் வருஷமும் இல்லை. மூன்றாம் வருஷம் ஒரு மதகுக்குக் கீழே, சேற்றில் பாதி புதைந்து கிடந்தது.

அங்கேயே குட்டையில் கழுவிப் பார்த்தார். மோதிப் பிய்ந்த வீலில் நட்டு ஓட்டை கிழிந்திருக்கும். இதில் நாலு ஓட்டையும் கிழியவில்லை; வட்டமாக இருந்தவை முட்டை வடிவத்தில் தேய்ந்திருந்தன. நட்டு தளர்ந்து, வீல் ஆடி ஆடித் தேய்ந்த தேய்மானம் அது. இதற்குமேல் யாரிடம் என்ன கேட்பது? வீலை உரச் சாக்கில் சுற்றிக் கடையின் பின்பக்கம் பழைய டயர்களுக்கு அடியில் வைத்தார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்த கதைதான், ஆனால் அந்தச் சோற்றைத் தினமும் தின்றவர் அவர் ஒருவரே.

குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பார்கள். இராஜாங்கத்தின் நெஞ்சு டொக்கு டொக்கென்று அடித்தது. தளர்ந்த வீல் போடும் சத்தம். மின்விசிறியில் அது கேட்கும், வயல் மோட்டாரில் கேட்கும், கோயில் தேர் நகரும்போது கேட்கும். ஓடுகிற பஸ்ஸை நிறுத்தச் சொல்லி டிரைவரிடம், வீலைப் பாருங்க என்று சொல்லித் திட்டு வாங்கியிருக்கிறார். ஆயுத பூஜைக்கு வெர்னியரையும் டார்க் ரெஞ்ச்சையும் மட்டும் வைக்க மாட்டார். "சாமிக்கே பொருள் ஒளிக்கிற ஆளை இங்கதான் பாக்குறேன்" என்று மனைவி செந்தாமரை முணுமுணுப்பார். அவருக்கும் விஷயம் தெரியாது.

போன ஆனி மாதம் ஒரு காலையில் அந்த வெள்ளைக் கார் மறுபடி வந்தது.

பார்த்ததுமே தெரிந்தது. மூன்று அலாய் வீல், முன்பக்க இடதில் மட்டும் கறுப்பு ஸ்டெப்னி. ஓட்டி வந்தவள் மகள் பிரகதீஸ்வரி. பின் சீட்டில் தியாகேசன், பாதியாக இளைத்து, இறங்காமல் உட்கார்ந்திருந்தார்.

"அண்ணே, இதே மாதிரி ஒரு வீல் கிடைக்குமா? மூணு இருக்கு, ஒண்ணு இல்ல. திருவாரூர் பக்கம் வேலை கிடைச்சிருக்கு, தினமும் ஓட்டணும். அன்னைக்கு மாட்டின கடையிலயே கேளுன்னு அப்பா சொன்னாங்க."

இராஜாங்கம் மூன்று அலாய் வீலையும் பார்த்தார். "இந்த வீலே வேண்டாம்மா. நாலையும் கழட்டிட்டு கம்பெனி ரிம்மே போட்டுடலாம்."

"ஏண்ணே? இது எங்கம்மா ஆசைப்பட்டு மாட்டினது."

"இந்த வண்டிக்கு ஒத்துவராதும்மா."

"அன்னைக்கு நீங்கதானே மாட்டினீங்க?" அவள் சண்டைக்குக் கேட்கவில்லை, சாதாரணமாகத்தான் கேட்டாள். பிறகு காருக்குள் கேட்கும்படி குரலை உயர்த்தினாள். "வீல் மேல என்ன தப்பு இருக்கு? ஓட்டுனவங்க தூங்குனா வீல் என்ன பண்ணும்?"

பின் சீட்டில் இருந்தவர் முகத்தை அந்தப் பக்கக் கண்ணாடியின் பக்கம் திருப்பிக்கொண்டார். எத்தனையோ தடவை கேட்டுப் பழகிய ஆள் திரும்புகிற மாதிரி திரும்பினார். பழசாகிவிட்டது, விரிசல் விட்டிருக்கும் என்று ஒரு பொய் இராஜாங்கத்தின் வாயருகே தயாராக இருந்தது. அது போதும், காசை வாங்கிக்கொண்டு அனுப்பிவிடலாம். ஆனால் அந்தத் திரும்பலைப் பார்த்த பிறகு அவரால் முடியவில்லை. பின்பக்கம் போய் டயர்களைத் தள்ளி, உரச் சாக்கோடு வந்தார்.

"இதாம்மா நாலாவது."

அவளுக்கு முதலில் புரியவில்லை. வீலைத் தரையில் கிடத்தி, முட்டை வடிவ ஓட்டைகளில் அவள் விரலை வைக்கச் சொன்னார். பிறகு காரைத் தூக்கி ஸ்டெப்னியைக் கழற்றி, வெர்னியரை எடுத்தார். காரில் வீல் உட்காரும் நடுக் குமிழ் ஐம்பத்து நாலு மில்லி. அலாய் வீலின் நடு ஓட்டை எழுபத்து மூன்று.

"நடுவுல இவ்வளவு இடம் சும்மா கிடக்குதும்மா. இதுக்கு ஒரு வளையம் போட்டிருக்கணும். போட்டாத்தான் வீல் நடுவுல நேரா உக்காரும். நான் அளக்கல. நட்டையும் கை அளவுக்குத்தான் முறுக்கினேன், ரெஞ்சு பூஜையில இருந்துச்சு. வீல் ஆடி, நட்டு தளந்து, கழண்டு போயிருக்கு. அதுக்கப்புறந்தான் வண்டி ஆத்துல விழுந்துருக்கு. உங்கப்பா தூங்கலம்மா."

பிரகதீஸ்வரி கொஞ்ச நேரம் அந்த முட்டை வடிவ ஓட்டையிலேயே விரலை வைத்திருந்தாள். எழுந்து போய்க் காரின் பின்கதவைத் திறந்தாள்.

"அப்பா. நீங்க தூங்கல."

"அதைத்தாம்மா அன்னைக்கே சொன்னேன்" என்றார் தியாகேசன்.

அவர் குரலில் கோபம் இல்லை. அதுதான் அவளை அடித்தது. அவர் பக்கத்தில் ஏறி உட்கார்ந்து, முன் சீட்டில் நெற்றியை முட்டிக்கொண்டு அழுதாள். ஆறு வருஷம் அப்பாவைக் கொலைகாரனைப் பார்ப்பதுபோல் பார்த்த மகள், வேறென்ன செய்வாள்?

வண்டி ஜாக்கியில் நின்றது. வீல் இல்லாமல் போக முடியாது. இராஜாங்கம் நாலு கம்பெனி ரிம்மை டயரோடு எடுத்து வந்தார். அளந்தார். மாட்டினார். ஒவ்வொரு நட்டையும் டார்க் ரெஞ்ச்சால் டிக்கென்று சத்தம் வரும்வரை முறுக்கினார். முடித்துவிட்டு, கண்ணாடியருகே குனிந்து, வேண்டுமென்றே உரக்கச் சொன்னார்: "அம்பது கிலோமீட்டர் ஓடின பிறகு கண்டிப்பா திரும்பக் கொண்டாங்க. இன்னொரு தடவை முறுக்கணும்."

பிரகதீஸ்வரி முன் சீட்டுக்கு மாறி வண்டியை எடுத்தாள். கார் போய்விட்டது.

சொல்லிவிட்டால் சத்தம் நின்றுவிடும் என்று அவர் நினைத்திருந்தார். நிற்கவில்லை. மறுநாள் கார் வரவில்லை. அதற்கு அடுத்த நாளும் வரவில்லை. வேறு கடைக்குப் போயிருப்பார்கள் என்றால் சரி, போகாமல் இருந்தால்? மூன்றாம் நாள் என்றதும் கடையைப் பூட்டினார். ரெஞ்ச்சைத் துண்டில் சுற்றி ஸ்கூட்டரில் வைத்துக்கொண்டு ஒரத்தநாடு வழியாகக் கிளம்பினார். புது ஆற்றில் புதுத் தண்ணீர் வந்திருந்தது. அந்த மைல்கல்லை அவர் பார்க்கவில்லை.

வாசலில் பிரகதீஸ்வரி நின்றாள். வாங்க என்று சொல்லவில்லை. எதிரி வந்தாலும் வாங்க என்று சொல்லும் ஊர் இது.

"உங்களை என்ன செய்யறதுன்னு நான் இன்னும் முடிவு பண்ணல" என்றாள்.

"என்ன செஞ்சாலும் சரிம்மா. வீலை மட்டும் முறுக்கிட்டுப் போயிடறேன்."

அவள் கேட்டைத் திறந்துவிட்டாள்.

பதினாறு நட்டையும் முறுக்கினார். ஒன்றுகூடத் தளரவில்லை. முன்பக்க இடது வீலைக் கடைசியாக வைத்துக்கொண்டார். நிமிர்ந்தபோது தியாகேசன் காரின் அந்தப் பக்கம் வந்து நின்றிருந்தார்.

"ஆறு வருஷம் முன்னாடி, வீல் மாட்டின மறுநாள் காலையில இந்த கேட்டுக்கு வந்திருக்கலாம்" என்றார்.

இராஜாங்கம் தலையைக் குனிந்துகொண்டார். இனி இழக்க ஒன்றும் இல்லாததால் அதையும் கேட்டுவிட்டார்.

"அன்னைக்குக் கிளம்பறப்ப அம்மா கேட்டாங்க, வேற ஏதும் கவனிக்கணுமான்னு. நான் என்ன சொன்னேங்க? மறுநாள் வரச் சொன்னேனா? உங்களுக்காவது ஞாபகம் இருக்குதா?"

தியாகேசன் யோசித்தார். உண்மையாகவே யோசித்தார். பிறகு காரில் சாவித்திரி உட்காரும் முன்பக்க இடது சீட்டைப் பார்த்தார்.

"எனக்கு ஞாபகம் இல்ல, ராஜாங்கம். அவளுக்குத்தான் எல்லாம் ஞாபகம் இருக்கும்."