மீன்சந்தையில் ஒரே டேக்

லியோனிலாவுக்கு வராத வேஷம் கிடையாது. கன்னியாஸ்திரி, பைத்தியக்காரி, கோமாளி, எல்லாவற்றிலும் வெளுத்து வாங்கினாள். ஆனால் ஒரு படத்தில் மாற்றாந்தாயாக வந்து பிள்ளையைக் கிணற்றில் தள்ளிவிட்டாள். அதோடு மணிலாவே அவளை வில்லி என்று முத்திரை குத்திவிட்டது. மாதா கோயிலில் அவள் பக்கத்தில் உட்காரக்கூட ஆள் வராது. கேமராவுக்குப் பின்னால் நின்று அவளுக்கு வசனம் எடுத்துக் கொடுப்பவள் நான். இந்த ஜனங்கள்மேல் எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல.

ஓர் ஏழைத் தாய் வேஷத்துக்காக அவள் ஸ்டுடியோ முதலாளியம்மா தோன்யா கரிதாத்திடம் மன்றாடினாள்.

"உன்னைத் தாய்னு எவடி நம்புவா? சரி, கியாப்போ சந்தையில ஒரு காட்சி எடுப்போம். நிஜ மீன்காரிங்களே நிக்கட்டும். அவளுங்க நம்பலைன்னா உன் ஒப்பந்தம் முடிஞ்சுது."

பிலிம் ஒரே டேக்குக்குத்தான் கொடுத்தார், மகராசி.

லியோனிலா பிள்ளைக்கு மீன் கேட்க வேண்டும். மீன்காரி தெக்லா விரட்ட வேண்டும். அவ்வளவுதான் காட்சி. கேமரா ஓடியது. தெக்லா அவள் முகத்தைப் பார்த்தாள்.

"அடியே, நீயா! புள்ளையக் கெணத்துல தள்ளுன சிறுக்கிதானே நீ!"

கையிலிருந்த பால்கெண்டையாலேயே கன்னத்தில் ஓங்கி அறைந்தாள். லியோனிலா சேற்றில் விழுந்தாள். உதட்டில் ரத்தம். டைரக்டர் நிறுத்தச் சொல்லக் கையைத் தூக்கினார். போச்சு, எல்லாம் போச்சு என்று நினைத்தேன்.

லியோனிலா தன் பக்கத்தில் விழுந்து கிடந்த மீனை எடுத்துப் பாவாடையில் துடைத்தாள்.

"அடிச்சதுக்கு அடிச்சீங்க. இதையாவது எடுத்துட்டுப் போகட்டுமாக்கா? புள்ள நேத்துலேருந்து பட்டினி."

நான் கொடுத்த வசனமல்ல அது. டைரக்டரின் கை அப்படியே நின்றது.

தெக்லாவின் உதடு கோணியது. குனிந்து இன்னொரு மீனை எடுத்து அவள் மடியில் போட்டாள். "ஒண்ணு எப்படிடி போதும்? காய்ச்சல் கீய்ச்சல் அடிக்குதா புள்ளைக்கு?"

"கட்!" என்றார் டைரக்டர். தெக்லா காதிலேயே வாங்கவில்லை.

தோன்யா குடையோடு முன்னால் வந்தார். "போதும், எழுந்திருடி."

தெக்லா சட்டென்று திரும்பினாள்.

"புள்ளையப் பெத்தவகிட்டப் பேசுற பேச்சாடி இது? பசிச்ச புள்ளையோட தாயை விரட்டுறியே, நீயெல்லாம் பொம்பளையா?" என்று அடுத்த மீனை ஓங்கினாள்.