நான் பாவனா இல்லை, ஸ்டீவ்!

போன மாதம் எனக்கு ஜூரி டியூட்டி வந்தது. கோர்ட்டில் பன்னிரண்டு பேரில் ஒருத்தியாக உட்கார்ந்து, கேஸைக் கேட்டுத் தீர்ப்புச் சொல்ல வேண்டும். அமெரிக்க சிட்டிசன்ஷிப் வாங்கிய கையோடு கிடைத்த முதல் பரிசு!

"இங்கிலீஷ் தெரியாதுன்னு சொல்லிடுங்க அக்கா, விட்டுடுவாங்க" என்றாள் மில்பிடாஸ் ஊரில் இருக்கும் தோழி ஒருத்தி. பதினெட்டு வருடமாக ஆபீஸ் மீட்டிங்கில் கத்திக்கொண்டிருக்கிற வாய் இது... எந்த ஜட்ஜ் நம்புவார்?

கேஸ் இதுதான். பார்க்கிங் லாட்டில் ஒருவரைத் தள்ளிவிட்டு, லேப்டாப் பையைப் பிடுங்கிக்கொண்டு யாரோ ஓடியிருக்கிறான். கைதானது இருபத்து நாலு வயது கறுப்பின இளைஞன். பை கிடைக்கவில்லை. தூரத்திலிருந்து பார்த்த ஒரு அம்மாதான் ஒரே சாட்சி. "இவன்தான்" என்று கை காட்டினார்.

உண்மையைச் சொல்லிவிடுகிறேனே. முதல் நாள் அவனைப் பார்த்ததும் என் மனசும், "ஆளைப் பார்த்தாலே தெரியுதே" என்றது. பெண் பார்க்க வந்தவனிலிருந்து வீடு கேட்டு வந்தவன் வரை எல்லாரையும் அப்படியே எடை போட்டுப் பழகிய மனசு! இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

நாலாம் நாள். பன்னிரண்டு பேரும் தீர்ப்பைப் பேசி முடிவு செய்ய ஓர் அறைக்குள் உட்கார்ந்தோம். என் பக்கத்து சீட் ஸ்டீவ் — ரிட்டயர்டு இன்ஜினியர், தங்கமான மனுஷர்.

"அந்த அம்மா முகத்தை நேரா பார்த்திருக்காங்க. தப்பா சொல்ல மாட்டாங்க. நீ என்ன சொல்றே, பாவனா?" என்று என்னைக் கேட்டார்.

பாவனா எதிரே உட்கார்ந்திருந்தாள். குஜராத்திப் பெண். பாப் கட், கண்ணாடி, என் தோள் உயரம்தான் இருப்பாள். நான் சுதா. எங்களுக்குள் ஒரே ஒற்றுமை, தோலின் நிறம்!

"ஸ்டீவ், நாலு நாளா உங்க பக்கத்துலதான் உட்கார்ந்திருக்கேன். என்னையே உங்களுக்கு அடையாளம் தெரியலை... அந்த அம்மா அவனை எவ்வளவு நேரம் பார்த்தாங்க?"

அறையே சிரித்தது. ஸ்டீவுக்குக் காதெல்லாம் சிவந்துவிட்டது. பாவம், நாலு தடவை ஸாரி சொன்னார். பிறகு அவரே, "சாட்சி சொன்னதை முதல்லேருந்து பார்ப்போமா?" என்றார்.

மாலையில் 'குற்றவாளி அல்ல' என்று எழுதிக்கொடுத்தோம்.

கோர்ட் வாசலில் அந்த இளைஞனுடைய அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். ஜாமீன் கிடைக்காமல் ஏழு மாதம் ஜெயிலில் இருந்தானாம். வேலை போய்விட்டது. அதற்கிடையில் பிறந்த மகளை இன்னும் ஒரு தடவைகூடத் தூக்கவில்லையாம். எனக்கும் அழுகை வந்துவிட்டது.

வீட்டுக்கு வந்தால் கணவர், "நாலே நாள்ல முடிஞ்சுடுச்சா? பரவாயில்லையே!" என்கிறார்.

"நமக்குத்தாங்க நாலு நாள்" என்றேன்.