நன்னடத்தை விசாரணை

வக்கீலாகப் பதிவு செய்ய எனக்கு நன்னடத்தைச் சான்று தேவைப்பட்டது. விசாரிக்க மட்டாஞ்சேரி வீட்டுக்கு ஒரு போலீஸ்காரர் வந்தார். பார்த்ததுமே தெரிந்துவிட்டது. மூட்டை தூக்கிப் பிழைத்த என் அப்பாவை, செய்யாத திருட்டுக்காக இதே வாசலில் முழங்காலில் அடித்தவர். அதற்குப் பிறகு அப்பா காலை இழுத்துத்தான் நடந்தார். அடித்தவருக்கு எங்கள் வீடுகூட ஞாபகமில்லை.

"கேஸ் ஒண்ணும் இல்லல்லோ மோளே?"

நான் வாய் திறப்பதற்குள் அம்மா முந்திக்கொண்டாள். "இல்ல சாரே. சாயா குடிங்க."

ரசித்துக் குடித்தார். "நல்ல குடும்பம்" என்று எழுதிக்கொண்டு போனார். அவர் நடத்தையைப் பற்றி எங்களிடம் எவன் வந்து கேட்டான்?

அப்பா இப்போது இல்லை. கறுப்புக் கோட்டோடு கோர்ட்டு வராந்தாவில் நிற்கும்போது, பின்னால் யாராவது காலை இழுத்து நடந்தால் திரும்பிப் பார்க்கிறேன்.